காலியிடம் யாருடைய சொத்து?

சர்க்கார் உத்தியோகத்தைப் பற்றி எழுதுவதென்றால் லஞ்சத்தைப் பற்றித்தான் எழுதவேண்டும் என்று நம்மில் பலர் எண்ணிக்கொண்டிருக்கிறோம். எங்கேயோ ஒரு பரீட்சையில் மோசடி நடந்தது, எவனோ பணம் வாங்கினான், போலீஸார் பிடித்துக்கொண்டு போனார்கள் என்று காலைப் பத்திரிகையில் படித்ததும் நமது தார்மிகக் கோபம் பொங்கி எழுகிறது. காபி ஆறுவதற்குள் அதுவும் ஆறிவிடுகிறது. அந்தக் கோபம் நியாயமானதுதான். ஆனால் மிகவும் சுலபமானது. பிடிபட்ட திருடனைத் திட்டுவதற்கு யாருக்கும் தைரியம் தேவையில்லை.

நான் பேச விரும்புவது பிடிபடாத திருட்டைப் பற்றி.

ஒரு காரியாலயத்தில் ஒரு குமாஸ்தா ஓய்வு பெறுகிறார். மாலை போட்டு, இரண்டு நல்ல வார்த்தை பேசி, வீடுவரை கொண்டுபோய் விட்டுவிட்டு வருகிறார்கள். மறுநாள் காலையில் அவருடைய நாற்காலி காலியாக இருக்கிறது. அந்த நாற்காலி இப்போது யாருடையது? மந்திரியுடையதா? இலாகாத் தலைவருடையதா? சிக்கனம் பேசும் நிதித்துறையினுடையதா?

இவர்களில் எவருடையதும் அல்ல என்பது என் கட்சி. அந்த விநாடியிலிருந்து, அந்த வேலைக்குத் தகுதி படைத்த, பெயர் தெரியாத அத்தனை பேருக்கும் அது பொதுச் சொத்து. அவர்களில் யாருக்கு அது சேரும் என்று நேர்மையான ஒரு போட்டி தீர்மானிக்கும்வரை சர்க்கார் அதற்குக் காவல்காரன், சொந்தக்காரன் அல்ல. நமது அரசியல் சட்டத்தின் 16-ஆவது பிரிவு, அரசு வேலையில் எல்லாப் பிரஜைகளுக்கும் சம வாய்ப்பு உண்டு என்று சொல்வதற்கு இதைத் தவிர வேறு அர்த்தம் இருப்பதாக எனக்குத் தோன்றவில்லை.

இந்தப் பொதுச் சொத்தை மூன்று பேர் திருடுகிறார்கள். ஒருவன் விற்கிறான். இன்னொருவன் தனக்கு வேண்டியவனுக்குத் தூக்கிக் கொடுக்கிறான். மூன்றாமவன் விற்பதும் இல்லை, கொடுப்பதும் இல்லை, பூட்டி வைத்துக்கொள்கிறான். விற்கிறவனுக்குச் சிறைச்சாலை என்று ஒன்றாவது இருக்கிறது. கொடுக்கிறவனை நாம் 'உபகாரி' என்று கொண்டாடுகிறோம். பூட்டி வைக்கிறவனுக்கோ 'சிக்கனமான நிர்வாகி' என்று பட்டம்!

விற்கிறவனைப் பற்றி அதிகம் சொல்ல வேண்டியதில்லை. 2019 செப்டம்பரில் தமிழ்நாடு தேர்வாணையம் நடத்திய நான்காம் தொகுதிப் பரீட்சையின் கதை ஊரறிந்தது. ராமநாதபுரம் மாவட்டத்தின் இரண்டு மையங்களில், ராமேஸ்வரத்திலும் கீழக்கரையிலும், எழுதியவர்கள் மாநிலத்தின் முதல் 100 இடங்களில் கூட்டமாக வந்து நின்றார்கள். சில மணி நேரத்தில் மறைந்துபோகும் மையால் விடைகளைக் குறித்துவிட்டு, விடைத்தாள்கள் சென்னைக்குப் போகிற வழியில் அவற்றைத் திருத்திவிட்டார்கள் என்று விசாரணையில் வெளிவந்தது. 2020-ல் 99 பேருக்கு ஆயுள் முழுவதும் பரீட்சை எழுதத் தடை விதித்தார்கள். கதை எழுதுகிற நான் இப்படி ஒரு மையைக் கற்பனை செய்து எழுதியிருந்தால், பத்திரிகை ஆசிரியர் நம்பும்படியாக இல்லை என்று திருப்பி அனுப்பியிருப்பார்.

இந்தத் திருட்டினால் கெட்டுப்போகிறவர்கள் யார் என்பதையும் பார்க்க வேண்டும். மேற்கு வங்காளத்தில் 2016-ஆம் வருஷத்துத் தேர்வின் மூலம் பள்ளிக்கூடங்களில் வேலைக்குச் சேர்ந்த 25,000-க்கும் அதிகமானவர்களின் நியமனங்களை 2025 ஏப்ரலில் சுப்ரீம் கோர்ட்டு ஒட்டுமொத்தமாக ரத்து செய்தது. அந்தத் தேர்வு முறையே பழுது பார்க்க முடியாத அளவுக்குக் கறைபட்டுவிட்டது என்பது தீர்ப்பு. அவர்களில் பணம் கொடுத்து வந்தவர்களும் இருந்தார்கள். ராத்திரி கண் விழித்துப் படித்துத் தேறி வந்தவர்களும் இருந்தார்கள். பல வருஷங்கள் வகுப்பில் பாடம் நடத்திய பிறகு, ஒரு காலையில் இரண்டு சாராரும் ஒன்றாகத் தெருவில் நின்றார்கள். உத்தியோகத்தை விற்கிறவன் ஓர் இடத்தை மட்டும் விற்பதில்லை. நியாயமாக வந்தவனின் நல்ல பெயரையும் சேர்த்து விற்றுவிடுகிறான்.

இனி, கொடுக்கிறவன். இங்கேதான் நமக்குச் சங்கடம் ஆரம்பமாகிறது.

நடுத்தர வர்க்கத்தைச் சேர்ந்த நம் வீடுகளில் பிள்ளை ஒரு விண்ணப்பத்தைப் பூர்த்தி செய்தவுடன் தகப்பனார் கேட்கும் முதல் கேள்வி என்ன? "பாடமெல்லாம் படித்து முடித்தாயா?" என்பதா? இல்லை. "அந்த ஆபீஸில் நமக்குத் தெரிந்தவர் யாராவது இருக்கிறாரா?" என்பதுதான். வாசகர்கள் எனக்கு எழுதும் கடிதங்களில் கூட, கதையைப் பாராட்டி நாலு வரி எழுதிவிட்டு, ஐந்தாவது வரியில், 'தங்களுக்குப் பெரிய மனிதர்களின் பழக்கம் இருக்குமே, என் மகனுக்காக ஒரு வார்த்தை...' என்று முடிக்கிறவர்கள் உண்டு. அவர்கள் கெட்டவர்கள் அல்லர். பிள்ளையின்மேல் உள்ள பாசத்தினால் எழுதுகிறார்கள். ஆனால், நான் சொல்லுகிற அந்த ஒரு வார்த்தையினால் ஓர் இடம் கிடைக்குமானால், அதே வார்த்தையினால் வேறொருவனின் இடம் போகிறது. அவனுடைய தகப்பனாருக்கு எழுத்தாளனைத் தெரியாது. ஒருவேளை அவருக்கு எழுத்தே தெரியாமல் இருக்கலாம். பணம் கைமாறவில்லை என்பதற்காக இது திருட்டு இல்லை என்று ஆகிவிடுமா?

ஒரு காலத்தில் உலகம் முழுவதுமே இப்படித்தான் நடந்தது. கிழக்கிந்தியக் கம்பெனியின் டைரக்டர்கள் தங்களுக்கு வேண்டிய பையன்களின் பெயரை எழுதிக் கொடுப்பார்கள். அந்தப் பையன்கள் ஹெய்லிபரியில் கொஞ்சம் படித்துவிட்டு இங்கே வந்து நம்மை ஆண்டார்கள். 1853-ல் பிரிட்டிஷ் பார்லிமெண்டு அந்த உரிமையைப் பிடுங்கிற்று. 1855-ல் போட்டிப் பரீட்சை வந்தது. ஆனால், பரீட்சையை எங்கே வைத்தார்கள்? லண்டனில்! வினாத்தாள் வெளியாகவில்லை, விடைத்தாளில் யாரும் கை வைக்கவில்லை. எல்லாம் யோக்கியமாகத்தான் நடந்தன. போதாக்குறைக்கு, 1870-களின் இறுதியில் எழுதுவோரின் வயது வரம்பை 19-ஆகக் குறைத்தார்கள். கடல் கடந்து வரவேண்டிய பையன் அந்த வயதில் எப்படி வருவான்? சுரேந்திரநாத் பானர்ஜி ஊர் ஊராகப் போய்ப் பேசினார். கடைசியில் 1922-ல்தான் இந்திய மண்ணிலும் அந்தப் பரீட்சை நடந்தது. இதிலிருந்து ஒன்று தெரிந்துகொள்ள வேண்டும்: பரீட்சை மண்டபத்துக்குள் நேர்மை இருந்தால் மட்டும் போதாது. மண்டபத்தை எங்கே கட்டுகிறோம், எப்போது திறக்கிறோம், யாரை உள்ளே விடுகிறோம் என்பதிலும் நேர்மை வேண்டும்.

நம்முடைய பழைய பெருமை பேசுகிறவர்கள் உடனே உத்திரமேரூர்க் கல்வெட்டை எடுத்துக்கொண்டு வருவார்கள். வரட்டும். பராந்தக சோழன் காலத்தில், 10-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில், அந்த ஊர்ச் சபையின் வாரியங்களுக்கு ஓலையில் பெயரெழுதிக் குடத்திலிட்டு, ஒரு சிறுவனைக் கொண்டு எடுக்கச் செய்தார்கள். அது நிலமும் வேதப் படிப்பும் உள்ளவர்களுக்கு மட்டுமே திறந்திருந்த குடம். நிலமில்லாதவனின் ஓலைக்கு அதில் இடமில்லை. அந்தப் பெருமையை நான் முழுவதாக ஒப்புக்கொள்ளமாட்டேன். ஆனால், அதில் ஒரு விதி இருந்தது. பதவியில் இருந்துவிட்டுக் கணக்குக் காட்டாதவன் மட்டுமல்ல, அவனுடைய நெருங்கிய உறவினர்களும் குடத்துக்குள் வரக் கூடாது. உறவுதான் ஊழலின் வேர் என்பது 1,100 வருஷங்களுக்கு முன்னாலேயே நம் ஊரில் தெரிந்திருக்கிறது. ஹரியானா தேர்வாணையத்தின் வழக்கொன்றில் 1985-ல் சுப்ரீம் கோர்ட்டும் ஏறக்குறைய இதைத்தான் பேசிற்று. ஆணைய உறுப்பினரின் உறவினர் நேர்முகத் தேர்வுக்கு வந்தால், அந்த உறுப்பினர் விலகியிருக்க வேண்டும். நேர்முகத் தேர்வுக்கு அளவுக்கு மீறி மதிப்பெண் ஒதுக்குவது சலுகைக்கு வழி செய்யும் என்று சொல்லி, அதை 12.2 சதவிகிதத்துக்குள் வைக்கச் சொன்னது.

சரி, பரீட்சை வைக்கிறவர்களை யார் பரீட்சித்தார்கள்? 2016-ல் தமிழ்நாடு தேர்வாணையத்துக்கு ஒரே சமயத்தில் 11 உறுப்பினர்கள் நியமிக்கப்பட்டார்கள். அவர்களைத் தேர்ந்தெடுத்த முறை சரியல்ல என்று அதே வருஷம் டிசம்பரில் சென்னை ஹைகோர்ட்டு அந்த 11 நியமனங்களையும் ரத்து செய்தது. மீன் தலையிலிருந்து நாறுவதை மூக்கு உள்ளவர்கள் அறிவார்கள். 1929-ல், இந்திய மாகாணங்களிலேயே முதலாவதாக சர்வீஸ் கமிஷன் ஏற்படுத்திய சென்னை ராஜதானியின் வாரிசுகள் நாம். அந்தப் பெருமைக்கு இது அழகா?

கொடுக்கிறவனுக்கு இப்போது சிபாரிசுக் கடிதம் கூடத் தேவையில்லை. அதைவிடச் சௌகரியமான கொல்லைப்புற வழி ஒன்று கிடைத்திருக்கிறது. 'தற்காலிகம்', 'ஒப்பந்தம்', 'தொகுப்பூதியம்', 'வெளிமுகமை' என்று அதற்குப் பல பெயர்கள். வாசல் கதவிலே பரீட்சை, இனச் சுழற்சி, அறிவிப்பு, ஆட்சேபம் எல்லாம் உண்டு. கொல்லைக் கதவிலே ஏஜென்ஸிக்காரனின் தயவு மட்டுமே உண்டு. தகுதி தகுதி என்று முழங்குகிறவர்களும், இட ஒதுக்கீடு இட ஒதுக்கீடு என்று முழங்குகிறவர்களும் வாசலிலே நின்று ஒருவர் சட்டையை ஒருவர் பிடித்துக்கொண்டிருக்கிறார்கள். கொல்லை வழியாகச் சாமான் போய்க்கொண்டிருக்கிறது! 1928-ல் முத்தையா முதலியார் மந்திரியாக இருந்தபோது, 12 இடங்களில் யார் யாருக்கு எத்தனை என்று வகுப்புவாரியாகப் பிரித்து வைத்தார்கள். அந்தப் பங்கீட்டைப் பற்றி எத்தனை சண்டை வேண்டுமானாலும் போடலாம். ஆனால், பங்கிடுவதற்கு முதலில் 12 இடங்கள் பந்திக்கு வந்தாக வேண்டாமா?

கொல்லை வழியாக வந்தவனும் சுகமாக இருக்கிறான் என்று எண்ணிவிடாதீர்கள். 2012-ல் தமிழ்நாட்டில் ஓவியம், தையல், உடற்பயிற்சி முதலியவை கற்பிக்க 16,000-க்கும் அதிகமான பகுதி நேர ஆசிரியர்களை மாதம் 5,000 ரூபாய்ச் சம்பளத்தில் வைத்துக்கொண்டார்கள். பள்ளிக்கூடம் நிரந்தரம், பிள்ளைகள் நிரந்தரம், பாடம் நிரந்தரம். வாத்தியார் மட்டும் தற்காலிகம்! வருஷக்கணக்காக அவர்கள் பணி நிரந்தரம் கேட்டுப் போராடினார்கள். உமாதேவி வழக்கில் 2006-ல் சுப்ரீம் கோர்ட்டு, பகிரங்கப் போட்டியின்றித் தற்காலிகமாகச் சேர்ந்தவர்கள் நிரந்தரத்தை உரிமையாகக் கேட்க முடியாது என்று சொன்னது. வெளியே காத்திருப்பவனின் உரிமையைக் காப்பாற்றச் சொன்ன நியாயம் அது. சர்க்கார்கள் என்ன செய்தன? அந்தத் தீர்ப்பைக் கையில் வைத்துக்கொண்டே, மேலும் மேலும் தற்காலிகமாக ஆள் எடுத்தன. எடுத்தவர்களை அதே தீர்ப்பைக் காட்டி விரட்டின. இப்படி அந்தத் தீர்ப்பைக் கேடயமாக்கிக்கொள்வது தவறு என்று 2024 டிசம்பரில் அதே கோர்ட்டு கண்டித்துச் சொல்ல வேண்டியதாயிற்று.

மூன்றாமவனுக்கு வருகிறேன். பூட்டி வைக்கிறவன்.

2001 நவம்பரில் தமிழ்நாட்டில் புதிதாக ஆள் எடுப்பதற்கே தடை உத்தரவு போட்டார்கள். 2006-ல்தான் அது விலகியது. இடையில் நாலு வருஷத்துக்கு மேல் ஓடிவிட்டது. 2001-ல் 24 வயதான ஒரு பெண்ணுக்கு 2006-ல் என்ன வயது என்று கணக்குப் போட்டுப் பாருங்கள். நம் வீடுகளில் அந்த இடைக்காலத்தில் ஒரு பெண்ணின் தலைவிதியே எழுதி முடிந்துவிடுகிறது. "இனிமேல் எங்கே உத்தியோகம்? வந்த வரனை முடித்துவிடலாம்" என்ற ஒரு வாக்கியத்தில் எத்தனை பெண்களின் படிப்பு அடுப்படிக்குப் போயிற்று என்பதை எந்த இலாகா கணக்கெடுத்தது? அந்த உத்தரவில் கையெழுத்திட்டவர்கள் எவர் வீட்டிலும் கன்னம் வைக்கவில்லை. ஆனால், ஒரு தலைமுறையின் நாலு வருஷம் களவு போயிற்று.

2020-ல் அரசு ஊழியர்களின் ஓய்வு வயதை 58-லிருந்து 59 ஆக்கினார்கள். 2021-ல் 60 ஆக்கினார்கள். உட்கார்ந்திருப்பவர்களுக்கு இரண்டு வருஷம் லாபம். அவர்களுக்கு இனிப்பாகத்தான் இருந்திருக்கும். நான் அவர்களைக் குறை சொல்லவில்லை. ஆனால், அவர்கள் எழுந்திருப்பார்கள் என்று வாசலில் காத்திருந்தவர்களுக்கு அதே இரண்டு வருஷம் நஷ்டம். அவர்களிடம் யார் கேட்டார்கள்? சங்கம் வைத்திருக்கிறவர்களுக்குச் சலுகை கிடைக்கிறது. காத்திருப்பவர்களுக்கு ஏது சங்கம்?

ஆசிரியர் தகுதித் தேர்வின் கதை இதைவிடக் கொடியது. 2013-ல் தேறினார்கள். தேறினால் வேலை என்று நினைத்திருந்தவர்களிடம் 2014-ல், பிளஸ் டூவிலும் பட்டப் படிப்பிலும் வாங்கிய மதிப்பெண்களையும் கூட்டிப் பார்ப்போம் என்றார்கள். முன்காலத்தில், மதிப்பெண்ணைக் கஞ்சத்தனமாகப் போட்ட வாத்தியார்களிடம் படித்து வந்தவர்கள் எல்லாம் பின்னால் தள்ளப்பட்டார்கள். 2018-ல் அந்த முறையை எடுத்துவிட்டு, தகுதித் தேர்வில் தேறியவர்கள் இன்னொரு போட்டித் தேர்வும் எழுத வேண்டும் என்றார்கள். அந்தப் போட்டித் தேர்வு எப்போது நடந்தது? 2024-ல்! நடுவில் 2021-ல் ஒரு கருணை செய்தார்கள்: ஏழு வருஷத்துக்குத்தான் செல்லும் என்றிருந்த தகுதிச் சான்றிதழ் இனி ஆயுள் முழுவதும் செல்லும். சான்றிதழுக்கு ஆயுள் கொடுத்துவிட்டார்கள். அதைக் கையில் வைத்துக்கொண்டு 11 வருஷம் நின்றவனுக்கு யார் ஆயுள் கொடுப்பது?

2022 ஜூலையில் நடந்த நான்காம் தொகுதித் தேர்வுக்கு 20 லட்சத்துக்கும் மேற்பட்டோர் விண்ணப்பித்தார்கள். அறிவித்த இடங்கள் 7,301; பிறகு 10,000-க்கு மேல் உயர்த்தினார்கள். யந்திரம் திருத்துகிற விடைத்தாள்தான் அது. ஆனாலும் முடிவு வெளியாவதற்கு 2023 மார்ச் ஆயிற்று. எட்டு மாதம்! அந்த எட்டு மாதமும் எத்தனை பேர் வேறு வேலைக்கும் போகாமல், 'ரிசல்ட் வரட்டும்' என்று வீட்டாரின் முகத்தைப் பார்க்கக் கூசிக்கொண்டு இருந்திருப்பார்கள்!

இதற்குப் பதில் சொல்கிறவர்கள் எப்போதும் இரண்டு பதில்கள் வைத்திருக்கிறார்கள். ஒன்று, கஜானாவில் பணம் இல்லை என்பது. பணம் இல்லாவிட்டால் அந்த வேலையே வேண்டாம் என்று சட்டசபையில் எழுந்து நின்று சொல்லட்டும். இந்தக் கிராமத்துக்கு இனி நர்ஸ் வேண்டாம், இந்தப் பள்ளிக்கு இனி கணக்கு வாத்தியார் வேண்டாம் என்று பகிரங்கமாகச் சொல்லி ஓட்டுக் கேட்கட்டும். அப்படிச் சொல்ல ஒருவருக்கும் துணிச்சல் கிடையாது. இடமும் இருக்க வேண்டும், ஆளும் இருக்கக் கூடாது, பழியும் வரக் கூடாது. இதற்குச் சிக்கனம் என்றா பெயர்? நாற்காலி காலியாக இருப்பதனால் அதன் வேலை குறைவதில்லை. பக்கத்து நாற்காலிக்காரர் தலையில் விழுகிறது. அவர் மூன்று பேர் வேலையைப் பார்க்கிறார். பட்டாவுக்கு வந்த கிழவி நாலாம் முறையும் பஸ் ஏறி ஊர் திரும்புகிறாள். நஷ்டம் இல்லாமல் போகவில்லை. கணக்குப் புத்தகத்தில் வராத இடத்துக்குப் போயிருக்கிறது, அவ்வளவுதான்.

இன்னொரு பதில்: "எல்லோருக்கும் சர்க்கார் வேலை கொடுக்க முடியுமா?" முடியாது. யாரும் கேட்கவும் இல்லை. 20 லட்சம் பேர் எழுதி 10,000 பேர் தேறுகிறார்கள் என்றால், மற்றவர்களுக்கு வேலை கிடைக்காது என்பது சிறு குழந்தைக்கும் தெரியும். தோற்றவன் கேட்பது உத்தியோகத்தை அல்ல. நேர்மையாகத் தோற்றோம் என்ற நிம்மதியை. "என்னைவிட நன்றாக எழுதியவன் போயிருக்கிறான்" என்று எண்ணிக்கொண்டு ஒருவன் தலை நிமிர்ந்து கடை வைக்கலாம், வயலுக்குப் போகலாம், வேறு ஊருக்குப் போய்ப் பிழைக்கலாம். "எனக்கு யாரையும் தெரியாததனால் போயிற்று" என்று எண்ணுகிறவன் வாழ்நாள் முழுவதும் இந்தச் சமூகத்தின்மீது கசந்துகொண்டே இருப்பான். அந்தக் கசப்பும் அவனோடு போய்விடுவதில்லை. அவன் பிள்ளைக்கு அவன் முதலில் சொல்லிக் கொடுக்கப்போவதே அந்தப் பாடம்தான்.

செய்யவேண்டியது அப்படி ஒன்றும் பிரம்ம வித்தை அல்ல. ஓர் ஊழியர் வேலைக்குச் சேர்கிற அன்றே அவருடைய பிறந்த தேதியைப் பணிப் பதிவேட்டில் எழுதிவிடுகிறார்கள். அவர் என்றைக்கு ஓய்வு பெறுவார் என்பது முப்பது வருஷம் முன்னாலேயே சர்க்காருக்குத் தெரியும். தெரிந்தே வருகிற காலியிடத்துக்கு முன்கூட்டியே ஆள் தேடி வைக்க ஏன் முடியாது? ஒவ்வோர் இலாகாவிலும் எந்த இடம் எந்தத் தேதியில் காலியாயிற்று, ஏன் இன்னும் நிரப்பவில்லை என்பதை எவரும் பார்க்கும்படி எழுதி ஒட்டட்டும். பரீட்சைக்கு ஆண்டுத் திட்டம் போடுகிற தேர்வாணையம் முடிவுக்கும் நியமனத்துக்கும் நாள் குறித்து, அந்த நாளுக்குக் கட்டுப்படட்டும். பரீட்சை இல்லாமல் எடுக்கிற தற்காலிக ஆளுக்கு ஒரு கெடு வைத்து, அதற்குள் முறையான தேர்வை நடத்தட்டும். பரீட்சிக்கிறவர்களைத் தேர்ந்தெடுக்கிற முறையும் பகிரங்கமாக இருக்கட்டும். 2024-ல் வினாத்தாள் திருட்டுக்கு எதிராக மத்திய சர்க்கார் ஒரு சட்டம் கொண்டுவந்தது. கூட்டாகச் செய்தால் 10 வருஷம்வரை சிறை, ஒரு கோடி ரூபாய்க்குக் குறையாத அபராதம். நல்லது. விற்கிறவனுக்குச் சட்டம் வந்துவிட்டது. பூட்டி வைக்கிறவனுக்கு எப்போது?

இவையெல்லாம் சர்க்கார் செய்ய வேண்டியவை. நாம் செய்ய வேண்டியதும் ஒன்று இருக்கிறது. அதைச் சொல்லாமல் இந்தக் கட்டுரையை முடித்தால், உங்களோடு சேர்ந்து வேறு யாரையோ திட்டிவிட்டுப் போனவன் ஆவேன்.

அடுத்த முறை உங்கள் வீட்டில் யாராவது விண்ணப்பம் எழுதும்போது, "நமக்குத் தெரிந்தவர் யாராவது இருக்கிறாரா?" என்ற கேள்வி உங்கள் நாக்கு நுனிக்கு வரும். அதை விழுங்கிவிடுங்கள். அதற்குப் பதிலாக, "எத்தனை இடம்? எப்போதிலிருந்து காலி? ஏன் இவ்வளவு நாளாக நிரப்பவில்லை?" என்று கேளுங்கள். வீட்டுக்குள் கேட்டுவிட்டு நிறுத்திக்கொள்ளாமல் ஓட்டுக் கேட்டு வருகிறவரிடமும் கேளுங்கள். மனு எழுதிக் கேளுங்கள். தகவல் உரிமைச் சட்டம் 2005 முதல் நம் கையில் இருக்கிறது, அதை வைத்துக் கேளுங்கள். தெரிந்தவர் மூலம் நம் பிள்ளை உள்ளே போய்விட்டால் நமக்கு இந்தக் கேள்விகள் தேவைப்படாது. நம்மைப் போல் கேட்கத் தெரிந்தவர்களெல்லாம் அப்படி ஒவ்வொருவராக உள்ளே போய்விடுவதனால்தான், வெளியே நிற்பவர்களுக்காகக் கேட்க ஆள் இல்லாமல் போயிற்று.